நிறுவனம் சட்டப்படி பதிவானதா? முன்பணம் கொடுக்கும் முன் சாலை வணிகர்கள் சரிபார்க்க வேண்டியவை

திருவனந்தபுரம்: கிழக்கேகோட்டையிலிருந்து கிள்ளிப்பாலம் வரை நீளும் சாலைக் கடைவீதி, திருவிதாங்கூர் திவான் ராஜா கேசவதாஸ் காலத்தில், 18-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் உருவானது. அரிசி, பலசரக்கு, கருப்பட்டி, பாத்திரம், பூ என ஒவ்வொரு சரக்குக்கும் தனித்தனிக் கடைவரிசைகள் கொண்ட இந்தச் சந்தையில், தமிழ் வணிகர்கள் தலைமுறை தலைமுறையாகத் தொழில் நடத்தி வருகின்றனர். கன்னியாகுமரி மாவட்டம் 1956 நவம்பர் 1-ஆம் தேதி தமிழகத்துடன் இணைந்த பிறகும், நாகர்கோவில், திருநெல்வேலி வட்டாரங்களுக்கும் சாலைக்கும் இடையிலான சரக்குப் போக்கு நின்றுவிடவில்லை.

இந்த வணிகம் நெடுங்காலம் முகப்பழக்கத்தையும் வாய்ச்சொல்லையும் நம்பியே நடந்தது. இன்னாரின் மகன், இன்ன ஊர்க்காரர் என்ற அறிமுகமே போதுமான பிணையாக இருந்தது. இன்று நிலைமை வேறு. முன்பின் அறியாத நிறுவனத்தின் விலைப்பட்டியல் கைப்பேசியில் வருகிறது. பாதித்தொகையை முன்பணமாக அனுப்பினால் மறுநாளே லாரி புறப்படும் என்ற உறுதிமொழியும் உடன் வருகிறது. அந்த நிறுவனம் உண்மையில் சட்டப்படி இருக்கிறதா என்பதைப் பார்க்காமல் பணம் அனுப்புவோர் மூன்று இழப்புகளுக்கு ஆளாகக்கூடும். கொடுத்த முன்பணம் திரும்பாமல் போகலாம். சரக்கு வந்தாலும், அதற்குச் செலுத்திய வரிக்கான உள்ளீட்டு வரி வரவு கிடைக்காமல் போகலாம். வழக்குத் தொடுக்க முற்படும்போது, யார்மீது தொடுப்பது என்றே தெரியாமல் போகலாம்.

இந்தச் சரிபார்ப்புக்குத் தேவையான பதிவேடுகளில் பெரும்பாலானவை பொதுமக்கள் பார்வைக்குத் திறந்தவை, பல கட்டணமற்றவை.

எவ்வகை அமைப்பு என்பதே முதல் கேள்வி

பெயர்ப்பலகையில் 'அண்ட் கம்பெனி' என்று இருப்பதால் மட்டும் ஒரு கடை சட்டத்தின் பார்வையில் கம்பெனி ஆகிவிடாது. 'அண்ட் கோ', 'அண்ட் சன்ஸ்', 'டிரேடர்ஸ்', 'ஏஜென்சீஸ்' போன்ற பெயர்களைத் தனிநபரும் வைத்துக்கொள்ளலாம். கூட்டு வணிகர்களும் வைத்துக்கொள்ளலாம். நிறுவனங்கள் சட்டம் 2013-இன் கீழ் பதிவான நிறுவனத்தின் பெயர், பொதுவாக 'பிரைவேட் லிமிடெட்' அல்லது 'லிமிடெட்' என்று முடியும். வரையறுக்கப்பட்ட பொறுப்புக் கூட்டாண்மையின் பெயர் 'எல்.எல்.பி.' என்று முடியும். பதிவு பெறாமலேயே 'லிமிடெட்' அல்லது 'பிரைவேட் லிமிடெட்' என்ற சொற்களைப் பெயரில் சேர்த்துத் தொழில் நடத்துவது குற்றம். அச்சட்டத்தின் 453-ஆவது பிரிவின்படி, அவ்வாறு நடத்தும் ஒவ்வொரு நாளுக்கும் 500 ரூபாய் முதல் 2,000 ரூபாய் வரை அபராதம் விதிக்கலாம்.

எனவே எதிர்த்தரப்பு தனிநபர் தொழிலா, கூட்டு வணிகமா, எல்.எல்.பி.யா, நிறுவனமா என்பதை முதலில் எழுத்தில் கேட்டுப் பெற வேண்டும். எந்தப் பதிவேட்டில் தேடுவது என்பதும், கடன் நின்றால் யார் பொறுப்பு என்பதும் இந்த விடையைப் பொறுத்தே அமையும்.

நிறுவனமாக இருந்தால்

பதிவான ஒவ்வொரு நிறுவனத்துக்கும் 21 எழுத்துகளும் எண்களும் கொண்ட நிறுவன அடையாள எண், அதாவது 'சின்' எண், வழங்கப்படுகிறது. சட்டத்தின் 12-ஆவது பிரிவின்படி, நிறுவனம் தன் பெயரையும் பதிவு அலுவலக முகவரியையும் தொழில் நடக்கும் இடங்களில் எழுதிவைக்க வேண்டும். கடிதத்தாள், பில் முதலியவற்றில் இவற்றுடன் அடையாள எண்ணையும் அச்சிட வேண்டும். தவறினால் நாளொன்றுக்கு 1,000 ரூபாய் வீதம், அதிகபட்சம் ஒரு லட்சம் ரூபாய் வரை தண்டத்தொகை உண்டு. 'பிரைவேட் லிமிடெட்' என்ற பெயரில் வரும் விலைப்பட்டியலில் இந்த எண் இல்லாவிட்டால், அதுவே முதல் எச்சரிக்கை.

இந்த எண்ணை வாசிக்கத் தெரிந்தாலே பல செய்திகள் புலப்படும். முதல் எழுத்து, அந்நிறுவனத்தின் பங்குகள் பங்குச்சந்தையில் பட்டியலிடப்பட்டுள்ளனவா என்பதைக் காட்டும்: 'எல்' என்றால் பட்டியலிடப்பட்டது, 'யு' என்றால் இல்லை. அடுத்த ஐந்து எண்கள் தொழில் வகையைக் குறிக்கும். அதன்பின் வரும் இரண்டு எழுத்துகள் மாநிலத்தைக் குறிக்கும், கேரளத்துக்குக் 'கே.எல்.', தமிழகத்துக்கு 'டி.என்.'. அடுத்த நான்கு எண்கள் பதிவான ஆண்டு. பின்வரும் மூன்று எழுத்துகள் நிறுவனத்தின் வகை. தனியார் நிறுவனம் என்றால் 'பி.டி.சி.', பொது நிறுவனம் என்றால் 'பி.எல்.சி.'. இறுதி ஆறு எண்கள் பதிவு எண். 'நாற்பது ஆண்டுப் பாரம்பரியம்' என்று விளம்பரம் செய்யும் நிறுவனத்தின் எண்ணில் 2023 என்று இருந்தால், விளக்கம் கேட்பது நியாயமே. பழைய குடும்பத் தொழில் அண்மையில் நிறுவனமாக மாறியிருக்கவும் கூடும்.

எண்ணை வாசித்ததோடு நிற்கக் கூடாது. மத்திய பெருநிறுவன விவகாரங்கள் அமைச்சகத்தின் இணையதளத்தில் பயனர் கணக்கு தொடங்கி, நிறுவனத்தின் அடிப்படைத் தரவுகளைக் கட்டணமின்றிப் பார்க்கலாம். பதிவான நாள், பதிவு அலுவலக முகவரி, பங்கு மூலதனம், இயக்குநர்களின் பெயர், கடைசியாக இருப்புநிலைக் குறிப்பு தாக்கல் செய்யப்பட்ட ஆண்டு, சொத்துகள்மீதுள்ள கடன் பொறுப்புகள், தற்போதைய நிலை ஆகியவை அதில் இருக்கும். உரிய கட்டணம் செலுத்தினால், அந்நிறுவனம் தாக்கல் செய்த ஆவணங்களையும் பார்வையிடலாம். கேரள நிறுவனங்களுக்கான பதிவாளர் அலுவலகம் கொச்சியில் உள்ளது. தமிழகத்தில் சென்னையிலும் கோவையிலும் இரு பதிவாளர் அலுவலகங்கள் இயங்குகின்றன.

'நிலை' என்ற கட்டத்தைக் கவனிக்க வேண்டும்

அடிப்படைத் தரவுகளில் மிக முக்கியமானது நிறுவனத்தின் தற்போதைய நிலை. 'ஆக்டிவ்' என்றால் பதிவு நடப்பில் உள்ளது. 'ஸ்ட்ரக் ஆஃப்' என்றால் பதிவேட்டிலிருந்து பெயர் நீக்கப்பட்டுவிட்டது. அத்தகைய நிறுவனம் தனக்கு வரவேண்டியதை வசூலிக்கவும் தன் கடன்களைத் தீர்க்கவும் மட்டுமே சட்டத்தின் கண்ணில் இருப்பதாகக் கருதப்படும். புதிய வணிகம் செய்ய அதற்கு உரிமை இல்லை. ஆண்டறிக்கைகளைத் தாக்கல் செய்யாமல் இருந்த நிறுவனங்கள்மீது 2017-இல் எடுக்கப்பட்ட நடவடிக்கையில், நாடு முழுவதும் 2.26 லட்சம் நிறுவனங்கள் இவ்வாறு நீக்கப்பட்டன. நிறுவனத்தின் பெயரை நீக்கிவிட்டாலும், அதன் கடிதத்தாள் கட்டுகள் அச்சிட்டவர் கையில்தான் இருக்கும் என்பதை வணிகர்கள் மறக்கலாகாது.

'டார்மண்ட்' என்பது செயல்படா நிலை. குறிப்பிடத்தக்க வரவுசெலவு ஏதும் இல்லை என்று அறிவித்துள்ள நிறுவனம், லட்சக்கணக்கில் முன்பணம் கேட்பது முரணானது. 'அண்டர் லிக்விடேஷன்' என்றால் நிறுவனம் கலைப்பு நடவடிக்கையில் உள்ளது. திவால் நடைமுறை தொடங்கியிருந்தால், நிர்வாகம் இயக்குநர்களின் கையில் இருக்காது. தீர்வு நிபுணரிடம் சென்றிருக்கும். அக்காலத்தில் அந்நிறுவனத்தின்மீது வழக்குத் தொடுப்பதும் தடைப்படும்.

மூலதனக் கணக்கிலும் ஒரு நுட்பம் உண்டு. 'அங்கீகரிக்கப்பட்ட மூலதனம்' என்பது நிறுவனம் வெளியிடக்கூடிய பங்குகளின் உச்சவரம்பு மட்டுமே. உண்மையில் உள்ளே வந்த பணம் 'செலுத்தப்பட்ட மூலதனம்' என்ற தலைப்பில் இருக்கும். குறைந்தபட்ச மூலதனம் என்ற கட்டாயம் 2015-ஆம் ஆண்டுத் திருத்தத்தில் நீக்கப்பட்டுவிட்டதால், மிகச் சிறு தொகையிலும் நிறுவனம் தொடங்கலாம். நிறுவனத்தின் கடனுக்குப் பங்குதாரர்களின் சொந்தச் சொத்து பொதுவாகப் பொறுப்பாகாது. எனவே, பத்தாயிரம் ரூபாய் மூலதனமுள்ள புதிய நிறுவனத்துக்குப் பத்து லட்சம் ரூபாய் சரக்கைக் கடனாகக் கொடுப்பவர், அந்த இடர்ப்பாட்டை அறிந்தே கொடுக்க வேண்டும்.

எல்.எல்.பி. அமைப்புகளையும் இதே இணையதளத்தில் தேடலாம். 2008-ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் பதிவாகும் இவற்றுக்குத் தனி அடையாள எண் உண்டு.

கூட்டு வணிகமும் 69-ஆவது பிரிவும்

சாலை போன்ற சந்தைகளில் கூட்டு வணிகங்களே அதிகம் காணப்படும் அமைப்புகளுள் ஒன்று. இந்தியக் கூட்டாண்மைச் சட்டம் 1932-இன்படி இவற்றுக்குப் பதிவு கட்டாயமில்லை. ஆயினும் பதிவு செய்யாமல் இருப்பதன் விளைவு கடுமையானது. 69-ஆவது பிரிவின்படி, பதிவு பெறாத கூட்டு வணிகம் தன் ஒப்பந்த உரிமையை நிலைநாட்ட மூன்றாம் தரப்பினர்மீது உரிமையியல் வழக்குத் தொடுக்க முடியாது. வழக்குத் தொடுப்பவர்களின் பெயரும் பதிவேட்டில் பங்குதாரர்களாக இடம்பெற்றிருக்க வேண்டும். சரக்கை வாங்கியவர் பணம் தர மறுத்தால், பதிவு பெறாத நிறுவனத்துக்கு நீதிமன்றக் கதவு ஏறக்குறைய மூடியே இருக்கும்.

இந்தத் தடை ஒருவழிப்பட்டது. பதிவு பெறாத கூட்டு வணிகத்தின்மீது மற்றவர்கள் வழக்குத் தொடுக்கத் தடையில்லை. கூட்டு வணிகத்தின் கடனுக்குப் பங்குதாரர் ஒவ்வொருவரும் தனித்தும் சேர்ந்தும் பொறுப்பு. ஆனால் அந்தப் பங்குதாரர்கள் யார் என்பதற்குப் பதிவேடு இல்லையென்றால், அதை நிரூபிக்கும் சுமை வழக்குத் தொடுப்பவர்மீது விழும். கூட்டு வணிகங்களின் பதிவேடு மாநிலப் பதிவுத் துறையின் பொறுப்பில் உள்ளது. உரிய கட்டணம் செலுத்தி அதைப் பார்வையிடவும் நகல் பெறவும் சட்டம் வழிசெய்கிறது. பிறரைச் சரிபார்க்கப் புறப்படும் வணிகர், தம் சொந்தக் கூட்டு வணிகம் பதிவாகியுள்ளதா, விலகிய பங்குதாரர் பெயர் நீக்கப்பட்டுள்ளதா என்பதையும் பார்த்துக்கொள்வது நல்லது.

தனிநபர் உரிமையில் நடக்கும் தொழிலுக்கு இத்தகைய தனிப்பதிவேடு ஏதும் இல்லை. உரிமையாளரும் தொழிலும் சட்டத்தின் பார்வையில் ஒருவரே. அவரது ஜி.எஸ்.டி. பதிவு, உள்ளாட்சி அமைப்பின் வணிக உரிமம், உத்யம் பதிவு, வங்கிக் கணக்கு ஆகியவற்றை ஒப்பிட்டே முடிவுக்கு வர வேண்டும். உத்யம் சான்றிதழ் சுய அறிவிப்பின் அடிப்படையில் வழங்கப்படுவது. அதனை நிதிநிலைக்கான நற்சான்றாகக் கொள்ளக் கூடாது.

ஜி.எஸ்.டி. எண் சொல்லும் கதை

அமைப்பு எதுவாயினும் எளிதில் பார்க்கக்கூடியது ஜி.எஸ்.டி. பதிவு. ஜி.எஸ்.டி. இணையதளத்தில் உள்நுழையாமலேயே 15 இலக்க எண்ணைக் கொண்டு தேடலாம். சட்டப்பூர்வப் பெயர், வணிகப் பெயர், பதிவு நாள், அமைப்பின் வகை, பதிவின் தற்போதைய நிலை, கணக்குத் தாக்கல் செய்யப்பட்ட மாதங்கள் ஆகியவை தெரியும்.

இந்த எண்ணின் முதல் இரண்டு இலக்கங்கள் மாநிலத்தைக் குறிக்கும். கேரளம் 32, தமிழகம் 33. அடுத்த பத்தும் நிரந்தரக் கணக்கு எண், அதாவது பான் எண். ஜி.எஸ்.டி. எண்ணின் ஆறாவது இடத்தில் உள்ள ஆங்கில எழுத்தைப் பார்த்தால் அமைப்பின் வகை விளங்கும். 'கம்பெனி' என்ற ஆங்கிலச் சொல்லின் முதலெழுத்து இருந்தால் நிறுவனம். 'ஃபர்ம்' என்பதன் முதலெழுத்து இருந்தால் கூட்டு வணிகம். 'பெர்சன்' என்பதன் முதலெழுத்து இருந்தால் தனிநபர். 'பிரைவேட் லிமிடெட்' என்று பில் போடுபவரின் ஜி.எஸ்.டி. எண் தனிநபருடையதாக இருந்தால், இரண்டில் ஒன்று பொய்.

தமிழகத்திலிருந்து சரக்கு வாங்கும் சாலை வணிகர்கள் இன்னொன்றையும் அறிந்திருக்க வேண்டும். சரக்கு விற்பனையில் ஆண்டுக்கு 40 லட்சம் ரூபாய் வரை ஜி.எஸ்.டி. பதிவு தேவையில்லை என்பது பொதுவிதி. ஆனால், வரிக்குரிய சரக்கை மாநிலம் தாண்டி விற்பவருக்கு, மிகச் சில விலக்குகள் தவிர, இந்த வரம்பு பொருந்தாது. விற்பனை எவ்வளவு சிறியதாயினும் பதிவு வேண்டும். தொகுப்புத் திட்டத்தில் இருப்பவர் வேறு மாநிலத்துக்குச் சரக்கு விற்கவே முடியாது. தமிழக விற்பனையாளர் சாலைக் கடைக்கு அனுப்பும் பில்லில், மத்திய, மாநில ஜி.எஸ்.டி. என்று இரண்டாகப் பிரிக்காமல், ஒருங்கிணைந்த ஜி.எஸ்.டி. மட்டுமே இருக்க வேண்டும். தோவாளையிலிருந்து வரும் பூ, பதப்படுத்தாத காய்கறி போன்ற வரிவிலக்குப் பொருள்களை மட்டும் விற்பவருக்குப் பதிவு தேவையில்லை. அவரிடம் ஜி.எஸ்.டி. எண் இல்லை என்பதற்காகச் சந்தேகிக்க வேண்டியதில்லை.

விற்பவர் தாம் வசூலித்த வரியை அரசுக்குக் கட்டவில்லை என்றால், வாங்கியவரின் உள்ளீட்டு வரி வரவு மறுக்கப்படலாம். விற்பவரின் பதிவை அதிகாரிகள் முன்தேதியிட்டு ரத்து செய்யவும் சட்டத்தில் இடமுண்டு. ஆகவே ஒவ்வொரு கொள்முதலின்போதும் பதிவு நடப்பில் உள்ளதைக் காட்டும் இணையப் பக்கத்தைத் தேதியுடன் சேமித்துவைப்பது, பிற்காலத்தில் விளக்கம் அளிக்க உதவும். மாதந்தோறும் வரும் வரி வரவு அறிக்கையில் அந்த பில் இடம்பெற்றுள்ளதா என்பதையும் பார்க்க வேண்டும். ஆண்டு விற்பனை 5 கோடி ரூபாயைத் தாண்டிய நிறுவனங்கள், பிற வணிகர்களுக்கு மின்-விலைப்பட்டியல் வழங்குவது 2023 ஆகஸ்ட் 1 முதல் கட்டாயம். அத்தகைய பில்லில் கியூ.ஆர். குறியீடு இருக்கும்.

உணவுப்பொருள் விற்பவர்களுக்கு இந்திய உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் 14 இலக்க உரிமம் அல்லது பதிவு எண் தேவை. அதையும் ஆணையத்தின் இணையதளத்தில் சரிபார்க்கலாம். பில்லில் உள்ள பெயரும் உரிமத்தில் உள்ள பெயரும் ஒன்றாக இருக்க வேண்டும்.

பணம் போகும் கணக்கு யாருடையது?

எல்லாப் பதிவுகளும் உண்மையாக இருந்தும் பணம் பறிபோகலாம். உண்மையான நிறுவனத்தின் பெயரையும் எண்களையும் எடுத்து, வேறொருவர் போலிக் கடிதத்தாள் அச்சிடுவதே இதற்குக் காரணம். ஆகவே பணம் பெறும் வங்கிக் கணக்கு அந்த நிறுவனத்தின் சட்டப்பூர்வப் பெயரில் இருக்க வேண்டும். ஊழியர் அல்லது உறவினர் கணக்குக்கு அனுப்பச் சொன்னால் மறுப்பதே முறை. ஆர்.டி.ஜி.எஸ்., என்.இ.எஃப்.டி. வழியே பணம் அனுப்பும் முன் பெறுபவரின் பெயரைப் பார்க்கும் வசதியை, 2025 ஏப்ரல் 1-ஆம் தேதிக்குள் வழங்குமாறு வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி உத்தரவிட்டிருந்தது. மேலும், விலைப்பட்டியலில் உள்ள கைப்பேசி எண்ணை மட்டும் நம்பாமல், பதிவேட்டில் உள்ள முகவரிக்கோ மின்னஞ்சலுக்கோ தொடர்புகொண்டு உறுதி செய்ய வேண்டும்.

பதிவு என்பது நற்சான்று அன்று

நிறுவனத்தின் பதிவுச் சான்றிதழ், அது சட்டப்படி பிறந்தது என்பதை மட்டுமே உறுதி செய்கிறது. அது நாணயமானது என்றோ, எல்லாத் தொழிலுக்கும் அனுமதி பெற்றது என்றோ அரசு சான்றளிப்பதில்லை. திருவிதாங்கூர் வரலாற்றிலேயே இதற்குச் சான்று உண்டு. இரு வங்கிகள் இணைந்து 1937-இல் உருவான திருவிதாங்கூர் நேஷனல் அண்ட் குயிலான் வங்கி, முறைப்படி அமைந்த பெரிய வங்கியாக இருந்தும், 1938-இல் முடங்கிக் கலைக்கப்பட்டது.

அண்மைக்கால உதாரணம் சென்னையைச் சேர்ந்த ஆருத்ரா கோல்டு டிரேடிங் நிறுவனம். 'பிரைவேட் லிமிடெட்' ஆக இயங்கிய இந்த நிறுவனம், அதிக வட்டி தருவதாகக் கூறி ஏறத்தாழ ஒரு லட்சம் பேரிடம் 2,438 கோடி ரூபாய் திரட்டியது என்பது தமிழகப் பொருளாதாரக் குற்றப்பிரிவின் குற்றச்சாட்டு. பொதுமக்களிடம் வைப்புத்தொகை பெற நிறுவனப் பதிவு மட்டும் போதாது. உரிய ஒழுங்குமுறை அமைப்பின் அனுமதி வேண்டும். சீட்டு நடத்துவோர், நிறுவனப் பதிவு இருந்தாலும், சீட்டு நிதிச் சட்டம் 1982-இன்படி ஒவ்வொரு சீட்டுக்கும் முன் அனுமதி பெற்றுப் பதிவு செய்ய வேண்டும். வைப்புத்தொகை பெறும் நிறுவனம் அனுமதி பெற்றதா என்பதை ரிசர்வ் வங்கியின் 'சசேத்' தளத்தில் பார்க்கலாம், புகாரும் அளிக்கலாம்.

வெளிநாட்டு நிறுவனத்துடன் வணிகம் செய்வோர், அந்தந்த நாட்டின் பதிவேட்டைப் பார்க்க வேண்டும். பிரிட்டனில் 'கம்பெனீஸ் ஹவுஸ்' பதிவேட்டை எவரும் கட்டணமின்றித் தேடலாம். சிங்கப்பூரில் 'ஆக்ரா' ஆணையமும், இலங்கையில் நிறுவனப் பதிவாளர் திணைக்களமும் இணையவழித் தேடல் வசதி அளிக்கின்றன.

ஏமாந்துவிட்டால்

இணையவழியில் பணம் அனுப்பி ஏமாந்தவர்கள் உடனடியாக 1930 என்ற தேசிய உதவி எண்ணை அழைக்க வேண்டும். எவ்வளவு விரைவில் புகார் செல்கிறதோ, பணத்தை இடையில் முடக்கும் வாய்ப்பும் அவ்வளவு அதிகம். தொடக்கத்திலேயே ஏமாற்றும் எண்ணம் இருந்தது என்றால், பாரதிய நியாய சன்ஹிதாவின் 318-ஆவது பிரிவின் கீழ் காவல் நிலையத்தில் புகார் அளிக்கலாம். வெறும் பாக்கித்தொகை எனில், பொதுவாக மூன்று ஆண்டுகளுக்குள் உரிமையியல் வழக்குத் தொடுக்க வேண்டும். மூன்று லட்சம் ரூபாய்க்குக் குறையாத வணிகத் தகராறு, வணிக நீதிமன்றத்துக்கு உரியது. அவசர நிவாரணம் தேவைப்படாத வழக்குகளில் முதலில் சமரசத்துக்கு முயல வேண்டும். எதிர்த்தரப்பு நிறுவனத்தின் பெயர் பதிவேட்டிலிருந்து நீக்கப்பட்டிருந்தாலும், கடன் கொடுத்தவர் 20 ஆண்டுகளுக்குள் தேசிய நிறுவனச் சட்டத் தீர்ப்பாயத்தை அணுகி, பெயரை மீண்டும் சேர்க்கக் கோரலாம். கேரளத்துக்கான அமர்வு கொச்சியில் உள்ளது. பெயர் நீக்கப்பட்டதால் இயக்குநர்களின் பொறுப்பு நீங்கிவிடாது.

சுருக்கமாகப் பார்க்க வேண்டியவை

* பில்லில் உள்ள முழுப் பெயர், அமைப்பின் வகை, பதிவு எண்.
* நிறுவனம் அல்லது எல்.எல்.பி. எனில் அமைச்சக இணையதளத்தில் அதன் தற்போதைய நிலை, இயக்குநர்கள், கடைசிக் கணக்குத் தாக்கல்.
* கூட்டு வணிகம் எனில் பதிவுத் துறையில் பங்குதாரர் விவரம்.
* ஜி.எஸ்.டி. எண், அதன் நிலை, தொடர்ச்சியான கணக்குத் தாக்கல்.
* உணவுப்பொருள் எனில் 14 இலக்க உரிமம் அல்லது பதிவு எண்.
* வங்கிக் கணக்கின் பெயரும் சட்டப்பூர்வப் பெயரும் ஒன்றா என்பது.

இவற்றுள் ஏதேனும் ஒன்று பொருந்தவில்லை என்றால், விளக்கம் கிடைக்கும் வரை முன்பணத்தை நிறுத்திவைக்க வேண்டும். நேர்மையான விற்பனையாளர் தம் பதிவு எண்ணைக் கேட்பதால் மனம் கோண மாட்டார். விலை இன்று மாலையோடு மாறிவிடும் என்று அவசரப்படுத்துபவரிடம்தான் கூடுதல் நிதானம் தேவை.